டெல்ஃப்டும் ரோட்டர்டாமும்: அரை நாளில் இரு நகரங்கள்

நெதர்லாந்தின் தென் ஹாலந்து மாகாணத்தில் டெல்ஃப்ட், ரோட்டர்டாம் ஆகிய இரு நகரங்களும் ஏறத்தாழ 15 கிலோமீட்டர் இடைவெளியில் அமைந்துள்ளன. ரயிலில் ஏறினால் கால் மணி நேரத்தில் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குப் போய்விடலாம். டெல்ஃப்டின் மக்கள்தொகை ஒரு லட்சத்தைச் சற்றே தாண்டும். ரோட்டர்டாமில் ஆறரை லட்சம் பேருக்கு மேல் வாழ்கிறார்கள். முன்னதில் 17ஆம் நூற்றாண்டின் செங்கல் வீடுகளும் குறுகிய கால்வாய்களும் இன்றும் புழக்கத்தில் இருக்கின்றன. பின்னதன் நடுப்பகுதியில் 1940க்கு முந்தைய கட்டடங்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். தனி வழிகாட்டி ஒருவரை அமர்த்திக்கொண்டு நான்கைந்து மணி நேரத்தில் இரண்டையும் சுற்றிப் பார்க்கும் வழக்கம் பயணிகளிடையே பரவியிருப்பதற்கு இந்த அண்மையும் இந்த வேற்றுமையுமே காரணம். இரண்டும் தீக்கு இரையான நகரங்கள். எரிந்த பின் எப்படி எழுவது என்று இரண்டும் எடுத்த முடிவுகள்தான் வெவ்வேறு. அடுத்தடுத்துப் பார்க்கும்போது ஒரு நகரம் மற்றதற்கு விளக்கமாக அமைகிறது.

டெல்ஃப்டின் அமைப்பு

சுற்றுலா பெரும்பாலும் காலையில் டெல்ஃப்டில் தொடங்கும். ரயில் பாதை 2015இல் நகரின் நடுவே சுரங்கத்துக்குள் இறக்கப்பட்டது. அதுவரை வீடுகளுக்கு மேலாக மேம்பாலத்தில் ரயில்கள் ஓடின. புதிய நிலையத்தின் உட்கூரை முழுவதும் 1877ஆம் ஆண்டின் டெல்ஃப்ட் வரைபடம் நீல நிறத்தில் பதிக்கப்பட்டிருக்கிறது. வழிகாட்டிகள் பலர் அந்தக் கூரையைக் காட்டித்தான் பேச்சைத் தொடங்குகிறார்கள். அதில் தெரியும் கால்வாய்களில் பெரும்பாலானவற்றை அடுத்த பத்து நிமிடத்தில் நேரிலேயே கடந்துவிடலாம்.

ஹாலந்துக் கோமகன் இரண்டாம் வில்லெம் 1246இல் டெல்ஃப்டுக்கு நகர உரிமை வழங்கினார். 1536இல் மூண்ட பெருந்தீயில் ஊரின் பெரும்பகுதி அழிந்தது. 1654 அக்டோபர் 12ஆம் நாள் வெடிமருந்துக் கிடங்கு வெடித்து, வடகிழக்குப் பகுதி தரைமட்டமானது. நூறு பேருக்கு மேல் இறந்தனர். ரெம்பிராண்ட்டின் மாணவரான ஓவியர் காரெல் ஃபப்ரீட்டியஸும் அவர்களில் ஒருவர். இரண்டு முறையும் ஊர் மீண்டும் கட்டப்பட்டது. கால்வாய்களும் தெருக்களும் பழைய தடத்திலேயே இருந்ததால், வீடுகள் மாறினாலும் ஊரின் வடிவம் மாறவில்லை. 18ஆம் நூற்றாண்டில் வணிகம் தளர்ந்தது. பழையதை இடித்துவிட்டுப் பெரிதாகக் கட்டுவதற்கான பணமும் தேவையும் இல்லாமல் போனதே டெல்ஃப்ட் இன்று இவ்வளவு முழுமையாக எஞ்சியிருப்பதற்கு முக்கியக் காரணம்.

இரு தேவாலயங்கள்

ஊரின் மையம் மார்க்ட் எனப்படும் சதுக்கம். அதன் ஒரு முனையில் நகர மன்றமும் எதிர்முனையில் புதிய தேவாலயமும் நிற்கின்றன. நகர மன்றம் தீயில் அழிந்த பிறகு, 1618 முதல் 1620 வரை கட்டடக் கலைஞர் ஹென்ட்ரிக் டி கெய்சரின் வடிவமைப்பில் மீண்டும் கட்டப்பட்டது. தீக்குத் தப்பிய இடைக்காலக் கல் கோபுரம் ஒன்று அதன் நடுவில் இன்றும் நிற்கிறது. வியாழக்கிழமைகளில் சதுக்கம் முழுவதும் சந்தை கூடும்.

புதிய தேவாலயம் பெயரளவில்தான் புதியது. கட்டுமானம் 14ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தொடங்கியது. ஏறத்தாழ 109 மீட்டர் உயரமுள்ள அதன் கோபுரம், உட்ரெக்ட் கோபுரத்துக்கு அடுத்தபடியாக நாட்டிலேயே உயரமான தேவாலயக் கோபுரம். உள்ளே ஆரஞ்சு இளவரசர் வில்லெமின் கல்லறை மண்டபம் இருக்கிறது. ஸ்பெயினுக்கு எதிரான கிளர்ச்சிக்குத் தலைமை தாங்கிய அவர் 1584 ஜூலை 10 அன்று, சில தெருக்கள் தள்ளியுள்ள பிரின்சன்ஹாஃப் மாளிகையில் சுட்டுக் கொல்லப்பட்டார். குண்டு பாய்ந்த துளைகள் அம்மாளிகையின் மாடிப்படிச் சுவரில் கண்ணாடிக்குப் பின்னால் காக்கப்பட்டுள்ளன. குடும்பக் கல்லறை இருந்த பிரெடா நகரம் அப்போது ஸ்பெயினின் பிடியில் இருந்ததால் உடலை டெல்ஃப்டிலேயே அடக்கம் செய்தனர். அன்று தொடங்கி அரச குடும்பத்தாருக்கு இங்கே கல்லறை அமைப்பது மரபாகிவிட்டது. அரசி யூலியானா 2004இல் இங்குதான் அடக்கம் செய்யப்பட்டார். மண்டபத்தைச் செதுக்கியவரும் டி கெய்சர்தான். பளிங்கில் துயிலும் இளவரசரின் காலடியில் ஒரு சிறிய நாய் படுத்திருக்கிறது. எசமானர் இறந்த பிறகு அது உணவைத் தொடாமலே உயிர்விட்டதாக ஊரார் சொல்லும் கதையை வழிகாட்டி அந்த இடத்தில் நின்று சொல்வார்.

பழைய தேவாலயத்தின் கோபுரம் வெறுங்கண்ணுக்கே சாய்ந்து தெரியும். தூர்க்கப்பட்ட பழைய கால்வாயின் மேல் அடித்தளம் அமைந்ததால், கட்டும்போதே ஒரு பக்கம் மண்ணில் இறங்கிவிட்டது. உச்சி ஏறத்தாழ 2 மீட்டர் விலகி நிற்கிறது. 1570இல் வார்த்த பெரிய மணி ஒன்பது டன் எடைக்கு அருகில் இருக்கும். அதன் அதிர்வு கோபுரத்தைப் பாதிக்கும் என்பதால் அரச குடும்பத்தாரின் இறுதிச் சடங்கு போன்ற அரிய நேரங்களில் மட்டுமே அடிக்கிறார்கள். ஓவியர் யோஹன்னஸ் வெர்மீரும், தாமே அரைத்த வில்லைகளின் வழியே நுண்ணுயிரிகளை முதன்முதலில் கண்ட அந்தோனி வான் லேவன்ஹூக்கும் இந்தத் தேவாலயத்தில் அடங்கியிருக்கிறார்கள். இருவரும் 1632இல் இவ்வூரில் பிறந்தவர்கள். வெர்மீர் கடனில் இறந்த பிறகு, அவரது சொத்துகளைத் தீர்வு செய்யும் பொறுப்பை நகர ஆட்சி லேவன்ஹூக்கிடமே ஒப்படைத்தது.

வெர்மீரின் மூல ஓவியம் ஒன்றுகூட டெல்ஃப்டில் இல்லை என்பது பலருக்கு ஏமாற்றம் தரலாம். ‘டெல்ஃப்ட் காட்சி’, ‘முத்துத் தோடு அணிந்த பெண்’ ஆகியவை அருகிலுள்ள ஹேக் நகரின் மவுரிட்ஸ்ஹவுஸ் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. ஆனால் அவர் வரைந்த வெளிச்சமும் செங்கல் சுவரும் தண்ணீரும் இந்தத் தெருக்களில்தான் கிடைக்கும்.

நீலப் பாண்டங்கள்

டெல்ஃப்டின் பெயரை உலகெங்கும் கொண்டு சென்றவை அதன் நீலப் பாண்டங்கள். 1602இல் தொடங்கிய டச்சு கிழக்கிந்தியக் கம்பெனிக்கு ஆறு நகரங்களில் கிளை மன்றங்கள் இருந்தன. அவற்றில் டெல்ஃப்டும் ரோட்டர்டாமும் அடக்கம். பழவேற்காட்டிலும் நாகப்பட்டினத்திலும் கோட்டை அமைத்துத் துணி வணிகம் நடத்திய அதே கம்பெனிதான் சீனப் பீங்கானையும் கப்பல் கப்பலாக இறக்கியது. சீனாவில் மிங் அரசு வீழ்ந்த உள்நாட்டுப் போரால் 17ஆம் நூற்றாண்டின் நடுவில் அந்த வரத்து சுருங்கியது. டெல்ஃப்ட் குயவர்கள் அந்த வெற்றிடத்தை நிரப்பினார்கள். தொழில் நொடித்து மூடப்பட்டிருந்த பீர் வடிப்பாலைகளின் கட்டடங்களில் சூளைகள் எழுந்தன.

இவர்கள் செய்தது பீங்கான் அல்ல. வெள்ளீயம் கலந்த வெண்பூச்சு பூசிய மண்பாண்டம். 1653இல் தொடங்கி இன்றும் இயங்கும் டி போர்சலைன் ஃபிளெஸ் ஆலையில் அதன் செய்முறையைப் பக்கத்திலிருந்து பார்க்கலாம். ஊசித் துளையிட்ட தாளைப் பாண்டத்தின் மேல் வைத்து, கரித்தூளைத் தட்டிக் கோலத்தின் வெளிவடிவைப் பதிக்கிறார்கள். பிறகு கோபால்ட் ஆக்சைடு குழைத்த வண்ணத்தைத் தூரிகையில் தொட்டு வரைகிறார்கள். வரையும்போது அந்த வண்ணம் கறுப்பாகவே இருக்கும். சூளையில் வெந்த பிறகுதான் நீலமாகும். எவ்வளவு நீர் சேர்த்தால் எந்த அளவு வெளிர்நீலம் கிடைக்கும் என்பதை ஓவியர் அனுபவத்தால் அறிந்தே தூரிகையை ஓட்டுகிறார்.

கிழக்கிந்தியக் கம்பெனியின் கை எவ்வளவு தூரம் நீண்டது என்பதற்கு யாழ்ப்பாணக் கடலிலும் தடயம் உண்டு. 1658இல் யாழ்ப்பாணத்தைப் பிடித்த ஒல்லாந்தர் (டச்சுக்காரர்) சுற்றியுள்ள தீவுகளுக்குத் தம் நகரங்களின் பெயர்களைச் சூட்டினர். நெடுந்தீவு டெல்ஃப்ட் ஆனது. அனலைதீவு ரோட்டர்டாம் ஆனது. அவற்றில் டெல்ஃப்ட் என்ற பெயர் மட்டும் இன்றுவரை வழக்கில் நிற்கிறது.

இடையில் டெல்ஃப்ஸ்ஹாவன்

டெல்ஃப்டுக்குக் கடல் வழியோ பேராறோ இல்லை. அதனால் அந்நகரம் 1389இல் அனுமதி பெற்று மாஸ் ஆறுவரை ஒரு கால்வாய் வெட்டி, அது ஆற்றைத் தொடும் இடத்தில் தனக்கென ஒரு துறைமுகத்தை அமைத்தது. அதுவே டெல்ஃப்ஸ்ஹாவன். ஸ்பானிய வெள்ளிக் கப்பல் அணியைக் கைப்பற்றிய கடற்படைத் தலைவர் பீட் ஹெய்ன் 1577இல் இங்கே பிறந்தார். பின்னாளில் அமெரிக்காவில் பிளிமத் குடியேற்றத்தை நிறுவிய சமயப் பிரிவினர் 1620இல் ஸ்பீட்வெல் கப்பலில் இங்கிருந்துதான் புறப்பட்டார்கள். 1886இல் டெல்ஃப்ஸ்ஹாவன் ரோட்டர்டாமுடன் இணைக்கப்பட்டது. 1940இல் ரோட்டர்டாமின் நடுப்பகுதியை அழித்த ஜெர்மன் குண்டுவீச்சின் தீ இதன் பழைய துறையை எட்டவில்லை. இரு நகரங்களுக்கு நடுவே இங்கு அரை மணி நேரம் நிறுத்தும் வழிகாட்டி நல்ல திட்டமிடுபவர். டெல்ஃப்டின் தொடர்ச்சியாகவும் பழைய ரோட்டர்டாமின் மாதிரியாகவும் ஒருசேர நிற்கும் இடம் வேறில்லை.

1940 மே 14

ரோட்ட ஆற்றின் குறுக்கே 13ஆம் நூற்றாண்டில் எழுந்த அணையருகே மீனவர் ஊராக வளர்ந்த ரோட்டர்டாம், 1340இல் நகர உரிமை பெற்றது. 1872இல் நியூவே வாட்டர்வெக் கால்வாய் திறக்கப்பட்டதும் பெருங்கப்பல்கள் கடலிலிருந்து நேராக உள்ளே வந்தன. ஜெர்மனியின் ரூர் பகுதித் தொழிற்சாலைகளுக்கு ரோட்டர்டாம் வாயிலானது. ஐரோப்பாவின் மிகப் பெரிய துறைமுகம் இன்றும் இதுதான். 1962 முதல் 2004 வரை உலகிலேயே மிகப் பெரியதாக இருந்தது.

1940 மே 14 பிற்பகலில் ஜெர்மன் விமானங்கள் கால் மணி நேரம் குண்டு வீசின. அதைத் தொடர்ந்து மூண்ட தீ நகரின் நடுப்பகுதியை அழித்தது. நூற்றுக்கணக்கானோர் இறந்தனர், சுமார் 80,000 பேர் வீடிழந்தனர். அடுத்த சில வாரங்களுக்குள் இடிபாடுகளை அகற்றும் பணி தொடங்கியது. எரிந்த பகுதியின் நிலம் முழுவதையும் நகராட்சி கையகப்படுத்தியது. மனை எல்லைகள் மறைந்ததால் தெருக்களைப் புதிதாகவே வரைய முடிந்தது. 1946இல் கோர்னெலிஸ் வான் த்ரா வகுத்த அடிப்படைத் திட்டம் பழைய தடங்களைக் கைவிட்டு, அகலமான சாலைகளையும் தனித்தனியான வணிக, குடியிருப்புப் பகுதிகளையும் ஏற்றுக்கொண்டது. டெல்ஃப்ட் எடுத்த முடிவுக்கு இது நேர்மாறு. அந்தத் திட்டத்தின் பயனாக, வண்டிகள் நுழையாத கடைத்தெருவான லைன்பான் 1953இல் திறக்கப்பட்டது. ஐரோப்பாவின் பல நகரங்கள் அதைப் பின்பற்றின.

தீ எட்டிய எல்லையைச் சுட்டும் விளக்கு வட்டங்கள் நடைபாதைகளில் பதிக்கப்பட்டுள்ளன. வழிகாட்டி அருகில் இல்லாவிட்டால் எளிதில் கண்ணில் படாதவை அவை. ஒரு வட்டத்தின் இருபுறமும் நிமிர்ந்து பார்த்தால் போதும்: ஒரு பக்கம் 19ஆம் நூற்றாண்டு வீடுகள், மறுபக்கம் கான்கிரீட்டும் கண்ணாடியும். சிற்பி ஒசிப் ஸாட்கின் 1953இல் அமைத்த ‘அழிக்கப்பட்ட நகரம்’ சிலை பழைய துறை ஒன்றின் கரையில் நிற்கிறது. வானை நோக்கி இரு கைகளையும் உயர்த்திய அந்த வெண்கல உருவத்தின் வயிறும் மார்பும் இருக்க வேண்டிய இடம் வெறும் வெளி.

புதிய ரோட்டர்டாம்

நகரின் நடுவில் எஞ்சிய ஒரே இடைக்காலக் கட்டடம் லாரன்ஸ் தேவாலயம். சுவர்கள் மட்டும் நின்ற நிலையிலிருந்து 1952க்கும் 1968க்கும் இடையே அதைச் சீரமைத்தார்கள். அதன் முன்னே இவ்வூரில் பிறந்த அறிஞர் எராஸ்மஸின் வெண்கலச் சிலை உள்ளது. 1622இல் வார்த்த அதுவும் டி கெய்சரின் படைப்பே. காலையில் டெல்ஃப்டில் கண்ட கைவண்ணத்தைப் பிற்பகலில் இங்கே மீண்டும் காணலாம்.

சில நிமிட நடையில் பிளாக் பகுதி வரும். கட்டடக் கலைஞர் பீட் பிளோம் வடிவமைத்து 1984இல் முடிந்த கனசதுர வீடுகள் இங்கே ஒரு சாலைக்கு மேலே நிற்கின்றன. ஒவ்வொரு வீடும் மூலையில் நிற்குமாறு சாய்த்த மஞ்சள் கனசதுரம். ஒவ்வொன்றையும் மரமாகவும் தொகுப்பைக் காடாகவும் அவர் கருதினார். காட்சிக்குத் திறந்துள்ள வீட்டில் நுழைந்தால் சாய்ந்த சுவர்களுக்கேற்பச் செய்த அலமாரிகளையும் மேசைகளையும் பார்க்கலாம். எதிரே 2014இல் திறக்கப்பட்ட மார்க்ட்ஹால். குதிரை லாட வடிவில் 40 மீட்டர் உயரத்துக்கு வளைந்த அதன் கூடுக்குள் 228 வீடுகள் உள்ளன. வளைவின் கீழே காய்கறி, மீன், பாலாடைக்கட்டிக் கடைகள். உட்கூரை முழுவதும் பழங்களும் பூக்களும் பூச்சிகளும் நிறைந்த மாபெரும் ஓவியம். இந்த இடத்தைத் தோண்டியபோது இடைக்கால ரோட்டர்டாமின் தடயங்கள் கிடைத்தன. நிலத்தடி வாகன நிறுத்துமிடத்துக்கு இறங்கும் படிக்கட்டின் ஓரத்தில் அப்பொருள்களை ஆழத்துக்கேற்ற வரிசையில் வைத்திருக்கிறார்கள். புதியதே அடையாளம் என்று கொண்ட நகரம், தன் பழமையை இங்கே அக்கறையோடு காட்டுகிறது.

பயணம் எராஸ்மஸ் பாலத்தில் முடிவது பொருத்தம். பென் வான் பெர்க்கெல் வடிவமைத்து 1996இல் திறக்கப்பட்ட இப்பாலத்தின் தூண் 139 மீட்டர் உயரம். வளைந்த கழுத்தைப் போன்ற அதன் தோற்றத்தால் ஊரார் அதை அன்னம் என்று அழைக்கிறார்கள். தென்கரையில், லட்சக்கணக்கானோரை அமெரிக்காவுக்கு ஏற்றிச் சென்ற கப்பல் நிறுவனத்தின் பழைய தலைமையகம் இப்போது விடுதியாக இயங்குகிறது.

நேரமும் ஏற்பாடும்

ஐந்து மணி நேரம் கையிலிருந்தால் டெல்ஃப்டுக்கு இரண்டு, டெல்ஃப்ஸ்ஹாவனுக்கு அரை, ரோட்டர்டாமுக்கு இரண்டு என்று பிரித்து, மீதியைப் பயணத்துக்கு விடுவது நல்லது. டெல்ஃப்டை முழுக்க நடந்தே பார்க்கலாம். அங்கே கல் பாவிய தெருக்கள் என்பதால் மெத்தென்ற காலணி தேவை. ரோட்டர்டாம் விரிந்த நகரம். டிராமோ வாட்டர் டாக்சியோ நேரத்தை மிச்சப்படுத்தும். தேவாலயங்கள் ஞாயிற்றுக்கிழமைகளில் வழிபாட்டுக்காக மட்டுமே திறந்திருக்கும். பிரின்சன்ஹாஃப் போன்ற அருங்காட்சியகங்கள் புதுப்பிப்புப் பணிக்காக மூடப்படுவதும் உண்டு. முன்பே விசாரிக்க வேண்டும். வழிகாட்டியைத் தேர்ந்தெடுக்கும்போது 1940க்கு முந்தைய ரோட்டர்டாமின் படங்களைக் கையோடு கொண்டு வருவாரா என்று கேட்பது பயனுள்ளது. டெல்ஃப்டில் பார்ப்பவை தாமே பேசும். ரோட்டர்டாமில் இல்லாமல் போனவற்றையும் அறிந்தால்தான் இருப்பவற்றின் பொருள் விளங்கும்.