கொழிஞ்சாம்பாறையில் ஒரு நீச்சல் பேச்சு

பொள்ளாச்சியில் பஸ் ஏறி கோபாலபுரத்தைத் தாண்டினால் கேரளம் வந்துவிட்டது என்பதைப் பலகை பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். அதே தென்னை, அதே வெயில், கடைவாசலில் அதே கொங்குப் பேச்சு. கேரளம் என்றாலே நினைவுக்கு வரும் மழை மட்டும் இந்தப் பக்கம் எட்டிப் பார்ப்பதில்லை. கொழிஞ்சாம்பாறை, எருத்தேம்பதி, வடகரப்பதி எல்லாம் மழைமறைவுப் பூமி. ஆழியாற்றிலிருந்து சிற்றூர்ப் பள்ளத்தாக்குக்கு ஆண்டுக்கு 7.25 டி.எம்.சி. தண்ணீர் வரவேண்டும் என்கிறது 1970இல் கையெழுத்தான பரம்பிக்குளம்-ஆழியாறு ஒப்பந்தம். இங்கே விவசாயிகள் அந்த எண்ணைப் புள்ளி பிசகாமல் சொல்வார்கள்.

தண்ணீருக்கு இத்தனை கணக்குப் பார்க்கிற ஊரில் நீச்சலைப் பற்றிப் பேச நேரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. டீக்கடை பெஞ்சில் பேப்பரின் விளையாட்டுப் பக்கத்தை விரித்ததுதான் வினை. பக்கத்திலிருந்த பெரியவர் ஆரம்பித்தார்.

"எந்தங்கச்சி பேரன் கனடாவுல காலேஜ் படிக்கறானுங்க. நீச்சல்ல பெரிய கெட்டி. அப்பன் பொறந்த நாட்டுக்கு நீந்தோணும்னு ஒத்தக்கால்ல நிக்கறானாம். முடியுங்களா?"

"பாஸ்போர்ட் எந்த நாட்டுதுங்க?"

"அங்கயே பொறந்தவன், அந்த ஊரு பாஸ்போர்ட்டுத்தான்."

இலங்கையாக இருந்தால் வழி இருந்திருக்கும். மேத்யூ அபேசிங்க அமெரிக்காவில் பிறந்தவர். ஓஹாயோ மாநிலப் பல்கலைக்கழகத்துக்காக நீந்தியவர். பன்னாட்டுப் போட்டியென்று வந்தபோது தந்தையின் நாடான இலங்கைக்காகவே இறங்கினார். 2016இல் குவஹாத்தியில் நடந்த தெற்காசிய விளையாட்டில் 7 தங்கம். அதே ஆண்டு ரியோ ஒலிம்பிக், பிறகு டோக்கியோ. இலங்கை இரட்டைக் குடியுரிமையை ஏற்கிற நாடு. இந்தியா ஏற்பதில்லை. போதாக்குறைக்கு 2008 டிசம்பரில் மத்திய விளையாட்டு அமைச்சகம், இந்திய பாஸ்போர்ட் வைத்திருப்பவர் மட்டுமே நாட்டுக்காக ஆடலாம் என்று சொல்லிவிட்டது. வெளிநாட்டுக் குடியுரிமை பெற்ற இந்திய வம்சாவளியினருக்கான ஓசிஐ அட்டை விசா இல்லாமல் வந்துபோக உதவும், தொப்பியில் மூவர்ணம் பதித்துக் குளத்தில் குதிக்க உதவாது.

இங்கேயே கிடந்து பயிற்சி எடுத்த பிள்ளைகளின் இடத்தை வெளிநாட்டில் வசதியாக வளர்ந்தவர்கள் தட்டிக்கொண்டு போகக்கூடாது என்ற வாதத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால் நீச்சலில் அப்படிப் பறிபோக நம்மிடம் என்ன இருந்தது? ஒலிம்பிக்கின் 'ஏ' தகுதி நேரத்தை 2021 வரை எந்த இந்தியரும் தொட்டதில்லை. அந்த ஜூன் 26 அன்று ரோமில் 200 மீட்டர் பட்டர்ஃபிளையை 1 நிமிடம் 56.38 விநாடியில் முடித்த சஜன் பிரகாஷ்தான் முதல் ஆள். தகுதி நேரம் 1:56.48. பத்தில் ஒரு விநாடிதான் வித்தியாசம்!

சஜன் கதையை இந்த ஊர்க்காரர்கள் ரசிப்பார்கள் என்று பெரியவரிடம் சொன்னேன். பிறந்தது இடுக்கி மாவட்டம். தாய் ஷாந்திமோள் முன்னாள் தடகள வீராங்கனை, வேலை நெய்வேலி நிலக்கரி நிறுவனத்தில். ஆகவே பையன் வளர்ந்ததும் நீச்சல் பழகியதும் நெய்வேலியில். ஆனால் 2015 தேசிய விளையாட்டில் தாயின் மாநிலமான கேரளத்துக்காக நீந்தி 6 தங்கமும் 3 வெள்ளியும் வாங்கினார். தமிழ்நாட்டுத் தண்ணீரில் பழகி கேரளத்துக்குப் பதக்கம். யாரும் பாஸ்போர்ட் கேட்கவில்லை.

"நம்ம ஆழியாத்துத் தண்ணி மாதிரியல்ல இருக்குது!" என்று பெரியவர் சிரித்தார்.

பிறகு தன் காலத்து நீச்சலுக்குப் போய்விட்டார். இடுப்பில் சுரைப்புருடையைக் கட்டி, மாமன் பின்னாலிருந்து கிணற்றுக்குள் தள்ளிவிடுவாராம். மூச்சு முட்டி மேலே வந்தால் மறுபடி தள்ளு. புருடையை அவிழ்த்துவிட்டு மோட்டார் மேட்டிலிருந்து குதிப்பவன்தான் தேறியவன். "இப்ப குதிச்சா மண்டைதானுங்க உடையும். தண்ணியெல்லாம் போர்வெல்லுக்குப் போயிருச்சு." பேசிக்கொண்டே இருந்தாலும் பேரன் விஷயத்தை அவர் விடவில்லை.

"அந்தப் பாஸ்போர்ட்ட வேண்டாம்னு எழுதிக் குடுத்துட்டா?"

குடுத்தாலும் இங்கே வந்து தங்கி, குடியுரிமைக்கு விண்ணப்பித்துக் காத்திருக்க வேண்டும். அதற்குள் கனடாவுக்காக ஒருமுறை நீந்திவிட்டால், நாடு மாற நீச்சல் சம்மேளனத்தின் காத்திருப்புக் காலம் வேறு இருக்கிறது. தவிர, பாதியில் நிற்கிற படிப்பை முடிக்கக் கனடாவுக்கே விசா கேட்டு நிற்க வேண்டியிருக்கும் என்றேன்.

"இத நாஞ்சொன்னா அவங்கப்பன் என்னயக் கொன்னே போட்டுருவான். நீங்களே சொல்லீருங்க" என்று வாட்ஸ்அப்பைத் திறந்து போனை என் கையில் திணித்தார். அங்கே இப்போது நடுச்சாமம் என்று சொல்லிச் சமாளித்து, சிற்றூர் பஸ்ஸைப் பிடிக்க எழுந்தேன். பின்னாலேயே அவர் குரல் வந்தது: "அப்ப சாயங்காலம் கூப்பிடட்டுங்களா?"