காலிக்கிளீஸின் மௌனம்

பழைய ஏதென்ஸ் நகரைப் பேச்சே ஆண்டது. அங்கே முடிமன்னன் இல்லை. குன்றின்மேல் திறந்தவெளியில் கூடிய ஆண்குடிமக்கள், பேச்சாளர்தம் உரையைக் கேட்டபின், போரா உடன்படிக்கையா என்பதைக் கையுயர்த்தி முடிவுசெய்தனர். (பெண்களுக்கும் அடிமைகளுக்கும் அவ்வுரிமை வழங்கப்படவில்லை.) வழக்குமன்றத்திலும் பேச்சுக்கே முதன்மை. இன்றுள்ளதுபோல் வழக்கறிஞர் இலர். வழக்குடையவரே எழுந்து, குலுக்கல்முறையில் அமர்த்தப்பட்ட சில நூறு நடுவர்முன் பேசவேண்டும். பொருளுடையோர் பிறரைக்கொண்டு உரை எழுதுவித்து மனப்பாடம் செய்துகொண்டனர். நாவன்மை அற்றவர் தம் உடைமையை மட்டுமன்றி உயிரையும் இழக்க நேரலாம்.

அத்தகைய நகருக்குக் கி.மு. 427ஆம் ஆண்டில் சிசிலித் தீவின் லியோன்டினியிலிருந்து தூதராக வந்தவர் கோர்கியாஸ். தம் ஊருக்குப் படையுதவி வேண்டி அவர் ஆற்றிய உரையின் ஓசைநயம் ஏதென்ஸ் மக்களை மயக்கியது. பின்னாளில் பிளேட்டோ அவர் பெயராலேயே ஓர் உரையாடல் நூலை இயற்றினார். அதில் கோர்கியாஸ் தம் கலையின் ஆற்றலை விளக்க ஒரு நிகழ்ச்சியைச் சொல்கிறார். அவருடைய உடன்பிறந்தார் மருத்துவர். மருந்துண்ணவும் அறுவைக்கு உடன்படவும் மறுத்த நோயாளிகளை அம்மருத்துவரால் இணங்கவைக்க இயலவில்லை. மருத்துவம் அறியாத கோர்கியாஸ் பேசியே இணங்கவைத்தார். அறிவுடையவர் தோற்ற இடத்தில் பேச்சுடையவர் வென்றார் என்பது அவருடைய பெருமிதம்.

சாக்ரடீஸ் கேட்ட கேள்வி எளியது. மருத்துவம் அறியாதவர், மருத்துவரைவிட மிகுதியாக நம்பப்படுவது யாரிடத்தில்? அறியாதவரிடத்தில்தானே? இதிலிருந்து அவர் கடுமையானதொரு முடிவுக்கு வருகிறார். உடலுக்கு மருத்துவம் நன்மை தருகிறது. சமையலோ நன்மை தருவதுபோல் தோன்றி நாவை மகிழ்விக்கிறது. உயிருக்கு நீதி எத்தகையதோ, அதன் இடத்தில் வேடமிட்டு நிற்கும் பேச்சுக்கலை அந்தச் சமையலை ஒத்தது. அது கலையன்று, முகத்துதி.

கோர்கியாஸின் மாணவர் போலஸ் இதை மறுக்க முன்வந்தார். தீமை செய்வதைவிடத் தீமைக்கு ஆளாவதே மேல் என்னும் சாக்ரடீஸின் கூற்று அவருக்கு நகைப்பைத் தந்தது. ஆயினும், தீமை செய்வது இழிவானதா என்று கேட்டபோது ஆம் என்றார். இழிவானது ஒன்று துன்பம் மிக்கதாக இருக்கவேண்டும், அல்லது கேடு மிக்கதாக இருக்கவேண்டும். செய்பவருக்குத் துன்பமில்லை, ஆகவே கேடே மிகுதி. போலஸ் அடங்கினார். கிரெகரி விளாஸ்டோஸ் என்னும் அறிஞர் 1967இல் இவ்விடத்தை ஆராய்ந்து ஒரு விரிசலைக் காட்டினார். துன்பம் யாருக்கு என்று போலஸ் கேட்டிருக்கலாம். செய்பவருக்குத் துன்பம் இல்லாவிடினும் காண்பவருக்கு உண்டன்றோ? அவ்வொரு கேள்வி எழுந்திருந்தால் வாதம் அங்கேயே நின்றிருக்கும். தருக்கத்தில் வென்றவரெல்லாம் உண்மையை நிறுவியவர் ஆகார் என்பதை மாணவர் இங்கே கண்டுகொள்ளலாம்.

இனி நூலின் உயிர்ப்பகுதி. காலிக்கிளீஸ் என்னும் அரசியல் ஆர்வமுடைய இளைஞர் எழுகிறார். இவரைப்பற்றி இந்நூலுக்கு வெளியே ஒரு செய்தியும் கிடைக்கவில்லை. போலஸ் நாணத்தால் விட்டுக்கொடுத்தார், தமக்கு அந்நாணம் இல்லை என்கிறார் அவர். சட்டங்கள் வலிமை குன்றியோர் தம்மைக் காத்துக்கொள்ள இயற்றியவை. வலியவர் மிகுதியாகப் பெறுவதே இயற்கையின் நீதி. மெய்யியல் இளமைக்கு அழகு; முதிர்ந்த பின்னும் அதனைப் பற்றிக்கொண்டு மூலையில் முணுமுணுப்பவர் நகரத்துக்குப் பயன்படார். இவ்வளவும் சொன்னபின் ஓர் எச்சரிக்கையும் விடுக்கிறார். நாளை யாரேனும் பொய்க்குற்றம் சாட்டி மன்றத்தில் நிறுத்தினால், சாக்ரடீஸ் வாயடைத்து நின்று உயிரிழப்பார் என்கிறார். கி.மு. 399இல் சாக்ரடீஸ் மன்றத்தில் நின்றதையும் நஞ்சருந்தி இறந்ததையும் அறிந்த பிறகே பிளேட்டோ இவ்வரிகளை எழுதினார்.

சாக்ரடீஸ் விடாது வினவுகிறார். காலிக்கிளீஸ் முரண்படுகிறார், சினக்கிறார், ஒரு கட்டத்தில் விடைகூறவே மறுக்கிறார். சாக்ரடீஸ் தாமே கேட்டுத் தாமே விடையிறுக்கும் நிலை நேர்கிறது. பின்னொரு கணத்தில் காலிக்கிளீஸ் உண்மையை ஒப்புக்கொள்கிறார்: சாக்ரடீஸ் சொல்வது சரியெனத் தோன்றுகிறது, ஆனாலும் பலரையும்போல் தம் மனம் முற்றும் இணங்கவில்லை.

இவ்விணங்காமையை எங்ஙனம் பொருள்கொள்வது? இந்நூலுக்கு 1959இல் விரிவான உரை வகுத்த ஈ. ஆர். டாட்ஸ், பிளேட்டோ காலிக்கிளீஸை வெறும் எதிரியாகப் படைக்கவில்லை என்று கருதினார். சாக்ரடீஸைச் சந்தித்திராவிட்டால் பிளேட்டோ தாமே ஆகியிருக்கக்கூடிய மனிதரின் சாயல் அவரிடம் உண்டு என்பது அவர் கருத்து. பிளேட்டோவின் தாய்வழி உறவினர் கிரிட்டியாஸ், கி.மு. 404இல் நகரைக் கொடுமையாக ஆண்ட முப்பதின்மருள் ஒருவர் என்பதை நினைத்தால் அக்கருத்துக்கு வலுச்சேர்கிறது. வாதத்தின் விரிசல்களைப் பிளேட்டோ அறியாது விட்டார் என்பதைவிட, தருக்கம் தனித்து நின்று ஒரு மனத்தை மாற்றாது என்பதை அறிந்தே அம்மௌனத்தை எழுதினார் என்பதே பொருத்தமாகப் படுகிறது.

சாக்ரடீஸும் அதை அறிந்தவரே. தம்மீது வழக்கு வந்தால், குழந்தைகள் நடுவராக அமர்ந்த மன்றத்தில் சமையற்காரர் குற்றம் சாட்ட, மருத்துவர் நிற்பதுபோல் தாம் நிற்கவேண்டியிருக்கும் என்கிறார். கசப்பு மருந்தும் பட்டினியும் தந்தவர் என்பது குற்றச்சாட்டு. உங்கள் நலத்துக்காகவே செய்தேன் என்று அம்மருத்துவர் சொன்னால் குழந்தைகள் எத்துணைக் கூச்சலிடுவர்!

அவ்வாறாயின் மருத்துவர் பேசக் கற்கலாகாதா? பிளேட்டோவே பின்னர் 'பைத்ரஸ்' நூலில், கேட்போர் உள்ளத்தின் இயல்பையும் உண்மையையும் அறிந்தவரின் பேச்சுக்கலைக்கு இடம் தந்தார். அவரிடம் இருபது ஆண்டுகள் பயின்ற அரிஸ்டாட்டில் ஒருபடி மேலே சென்றார். பேச்சுக்கலையைச் சமையலின் இணை என்று சாக்ரடீஸ் கூறிய இடத்தில் வரும் அதே கிரேக்கச் சொல்லைக்கொண்டு, அதனைத் தருக்கக்கலையின் இணை எனத் தம் நூலைத் தொடங்கினார். உண்மையும் நீதியும் இயல்பாகவே வலிமையுடையன. மன்றத்தில் அவை தோற்றால் பழி பேசியவரைச் சாரும் என்பது அவர் துணிபு. இக்கூற்று சாக்ரடீஸையும் விட்டுவைக்கவில்லை.

'கோர்கியாஸ்' நூலின் முடிவில், இறந்தபின் உயிர்கள் ஆடையின்றி நடுவர்முன் நிற்கும் கதையைச் சாக்ரடீஸ் சொல்கிறார். அங்கே பேச்சு உதவாது. பின்னர்த் தம்மோடு நீதிவழியில் வருமாறு காலிக்கிளீஸை அழைக்கிறார். அவர் என்ன விடை பகர்ந்தார் என்பதைப் பிளேட்டோ எழுதவில்லை.