இங்கே வா!

சென்ற விடுமுறையில், ஹட்டனுக்கு அருகே தோட்டமொன்றில் வாழும் என் தமக்கையின் லயத்துக்குப் போயிருந்தேன். மருமகன், யாரோ பாவித்துக் கழித்த கணினியொன்றில் மைன்கிராஃப்ட் ஆடிக்கொண்டிருந்தான். திரை முழுதும் ஆங்கிலம். முகப்பிலிருந்த பூகோளச் சின்னத்தை அழுத்தி, நீண்ட மொழிப் பட்டியலில் தமிழைத் தேர்ந்தேன். மறுகணம் கல்லும் மரமும் கதவும் தமிழ்ப் பெயர் பூண்டன! மலையிலிருந்து திரும்பிய தமக்கை, இடுப்புப் படங்கைக்கூட அவிழ்க்காமல், வாசலில் நின்றபடியே எழுத்துக்கூட்டி வாசித்தாள். மகனுடைய அந்த உலகத்துக்குள் அவள் நுழைந்தது அன்றுதான்.

இந்தத் தமிழைத் தந்தவர் யார்? மைக்ரோசாஃப்ட் நிறுவனம் 2014இல் 250 கோடி டொலர் கொடுத்து வாங்கிய சொத்து அவ்விளையாட்டு. ஆனால் அதன் தமிழோ, ஊதியமில்லாத் தொண்டர்கள் தம் ஓய்வு நேரத்தில் சொல் சொல்லாகப் பெயர்த்துக் கொடுத்தது.

பையனுக்கு ஆசை பெருகிற்று. கதை நிகழும் வேறொரு விளையாட்டைக் காட்டி, "இதையும் மாத்துங்க மாமா" என்றான். ஸ்டீம் கடையில் ஒவ்வொரு விளையாட்டுக்கும் மொழி அட்டவணை உண்டு: இடைமுகம், முழு ஒலி, வசன எழுத்து. விளையாட்டின் பெயர்மீது சுட்டியின் வலப் பொத்தானை அழுத்தி, பண்புகள் பகுதியில் மொழியை மாற்றலாம். சிலவற்றில் எழுத்து ஒரு மொழியிலும் பேச்சு இன்னொன்றிலும் வைக்கலாம். ஆங்கிலம், ஜெர்மன், ஜப்பானியம் என்று பட்டியல் ஓடி முடிந்தது. தமிழைக் காணோம்.

"ஏன் மாமா, இவங்களுக்கு நம்ம பேச்சு தெரியாதா?"

எழுத்தைப் பெயர்க்க மனமிருந்தால் போதும். குரலுக்கு நடிகர் வேண்டும், ஒலிப்பதிவுக் கூடம் வேண்டும், காசு வேண்டும். பட்டியலுக்கு வெளியே நிற்பது எமக்குப் புதிதன்று. 1948ஆம் ஆண்டுச் சட்டம் எம் மக்களில் பெரும்பாலோரைக் குடியுரிமைக்கே வெளியே நிறுத்தியது அல்லவா?

பழைய கைந்நூலொன்று நினைவுக்கு வந்தது. சின்னத்துரைமார் தமிழ் கற்பதற்கென்று கொழும்பில் பெர்குசன் நிறுவனத்தார் வெளியிட்டது. பெயரே 'இங்கே வா'! ஆங்கிலேயன் அன்று எம் மொழியை வலிந்து கற்றான். பிரட்டுக்களத்தில் அவனுக்கு எம் கைகள் தேவைப்பட்டன. இன்றைய வணிகன் எம் பணப்பையைத் தடவிப் பார்க்கிறான். அது மெலிந்திருக்கிறது.

மருமகன் மைன்கிராஃப்டுக்கே திரும்பினான். அதன் கிராமவாசிகள் எந்த மொழியும் பேசார், மூக்கால் முனகுவார்கள்.

"இவன் என்னடா கேக்குறான்?" என்றாள் தமக்கை.

"ரொட்டி இருக்கான்னு கேக்குறான்மா" என்று பையன் தானே குரல் கொடுத்தான்.