முதலில் பார்ப்பது ஊர்

பிரேசிலின் மாட்டோ க்ரோஸோ மாநிலத்தில் நம்பிக்வாரா பழங்குடியினரின் ஊர். வயதுக்கு வந்த பெண்ணைத் தனிக்குடிசையில் இருத்தி, பிறகு ஊர் கூடி வெளியே அழைத்துவரும் சடங்கு. ஆவணப்பட இயக்குநர் வின்சென்ட் கரேலி அதை வீடியோவில் எடுத்தார். எடுத்ததை எங்கும் கொண்டுபோகாமல் அங்கேயே டிவியில் போட்டுக் காட்டினார்.

ஊருக்குப் பிடிக்கவில்லை. படப்பிடிப்பில் அவர்கள் குறை காணவில்லை. வெள்ளைக்காரர் உடுப்பில் தாங்களே திரையில் நிற்பதுதான் உறுத்தியது. அடுத்த சடங்கை உடம்பில் சாயம் பூசிப் பழைய முறைப்படி நடத்தி, அதையும் எடுக்கச் சொன்னார்கள். அந்த உற்சாகத்தில் இன்னொன்றும் நடந்தது. பையன்களுக்கு மூக்கும் உதடும் குத்தும் வழக்கத்தை அவர்கள் கைவிட்டு இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது. அதைக் கேமரா முன்னாலேயே மறுபடி தொடங்கினார்கள். 1987-ல் முடிந்த 'ஆ ஃபெஸ்தா தா மோசா' என்ற குறும்படத்தில் இதெல்லாம் இருக்கிறது. கரேலி தொடங்கிய 'வீடியோ நாஸ் அல்தேயாஸ்' (ஊர்களில் வீடியோ) திட்டத்தின் முதல் முயற்சி அதுதான்.

கேமராவுக்காகப் பழமையை ஜோடித்தால் அது ஆவணப்படமா என்று கேட்கலாம். கேட்கத்தான் வேண்டும். 1922-ல் வந்த 'நானூக் ஆஃப் த நார்த்' படத்தில் ராபர்ட் ஃபிளாஹெர்ட்டி, துப்பாக்கி பழகிவிட்ட இனுயிட் மக்களைப் பழையபடி ஈட்டியோடு வேட்டைக்கு அனுப்பினார். உள்ளே வெளிச்சம் வேண்டுமென்று பாதி பனிவீடு கட்டச் செய்தார். நாயகனின் பெயர்கூட நானூக் இல்லை, அல்லாகரியல்லாக். இத்தனைக்கும், எடுத்த காட்சிகளை அவர்களுக்குப் போட்டுக் காட்டியவர்தான் ஃபிளாஹெர்ட்டி. ஆக, போட்டுக் காட்டுவது மட்டும் போதாது. பார்த்தவர்கள் "இது வேண்டாம், வேறு மாதிரி எடு" என்று சொன்னால் அது நடக்குமா என்பதில்தான் விஷயம் இருக்கிறது. ஒப்புதல் படிவத்தில் வாங்கும் கையெழுத்தெல்லாம் அதற்கு அப்புறம்.

கேட்கவே வழியில்லாதவரை என்ன செய்வது? பிரேசிலின் ரொண்டோனியா காட்டில் தன் கூட்டத்தார் எல்லோரையும் இழந்து தனியாக வாழ்ந்த ஒருவர் இருந்தார். குடிசைக்குள் ஆழக் குழி தோண்டுவார் என்பதால் 'குழி மனிதர்' என்றே உலகம் அவரை அறிந்தது. அரசின் பழங்குடி நலத்துறை ஆட்களோடு கரேலியும் கேமராவுடன் போனார். குடிசைக்குள்ளிருந்து அம்பு நீண்டது. அதைவிடத் தெளிவாக மறுப்புச் சொல்ல முடியாது. ஆனால், அப்படி ஒருவர் இருப்பதற்கு ஆதாரம் இருந்தால்தான் அந்தக் காட்டைப் பண்ணையார்களிடமிருந்து காக்கலாம். 2009-ல் வந்த 'கொரும்பியாரா' படத்தில் அந்தக் காட்சி இருக்கிறது. காட்டைக் காக்க அதை எடுத்தது சரி. ஆனால் திரையரங்கில் காட்டுவதற்கும் அதே நியாயம் பொருந்துமா? எனக்குப் பொருந்துவதாகப் படவில்லை. அவர் 2022-ல் இறந்தார். அது வரை யாரோடும் பேச வரவில்லை.

1990-களின் பிற்பகுதியிலிருந்து கரேலியின் குழு பழங்குடியினருக்கே கேமராவும் எடிட்டிங்கும் கற்றுக்கொடுக்க ஆரம்பித்தது. அதில் தேர்ந்தவர்களில் ஒருவர் ஷவாண்டே இனத்தின் டிவினோ செரெவாஹு. படமெடுப்பவர் சொந்த ஊர்க்காரர் ஆகிவிட்டால் சிக்கல் தீர்ந்தது என்று நினைக்க வேண்டாம். பெண்களுக்குப் பெயர் சூட்டும் விழாவைப் படமாக்க அவர் 2002 முதல் முயன்றார். ஒவ்வொரு முறையும் ஏதோ ஒன்று குறுக்கே வந்தது. நடக்காத விழாவை நடத்தச் சொல்லி அவர் எடுக்கவில்லை. 2009-ல் வந்த 'பிஓன்ஹிட்ஸி'யில், விழா ஏன் கைகூடவில்லை என்று ஊர்ப் பெரியவர்களும் இளைஞர்களும் கேமரா முன் வாதாடுகிறார்கள்.