அழுத வேட்டைக்காரர்

பள்ளிக்கூட லீவில் என் பிள்ளை ஒரு பழைய கார்ட்டூன் போட்டுக் காட்டினான். பெயர் 'எ வைல்ட் ஹேர்'. அமெரிக்காவில் 1940-ல் டெக்ஸ் ஏவரி இயக்கியது. எட்டே நிமிஷம்தான்.

துப்பாக்கியும் கையுமாக எல்மர் ஃபட் முயல் வேட்டைக்கு வருகிறார். வளைக்கு வெளியே ஒரு காரட்டை வைத்துவிட்டு ஒளிந்துகொள்கிறார். முயலின் கை மட்டும் வெளியே வந்து தடவித் தடவிக் காரட்டை எடுத்துக்கொண்டு போகிறது! அப்புறம் துப்பாக்கிக் குழாயையே முடிச்சுப் போட்டுவிடுகிறது. வயிறு வலிக்கச் சிரித்தேன்.

கடைசியில், "போனால் போகிறது, ஒரு தடவை சுட்டுக்கோ" என்கிற மாதிரி முயலே வாகாய் நின்று காட்டுகிறது. சுட்டதும் துடித்து, உளறி, அவர் மேலேயே சாய்ந்து செத்த மாதிரி நடிக்கிறது பாருங்கள்! கொல்ல வந்த மனிதர் தேம்பித் தேம்பி அழுகிறார்.

பிள்ளை விழுந்து விழுந்து சிரித்தான். எனக்குச் சிரிப்பு நின்றுபோச்சு. என் தம்பிக்கு அப்போது பத்து வயசு. உண்டிவில்லால் அணில் ஒன்றை அடித்துவிட்டு வேப்பமரத்தடியிலேயே உட்கார்ந்திருந்தான். அம்மா எவ்வளவோ கூப்பிட்டும் சாப்பிட வரவில்லை. தண்ணீர் தெளித்து, "எழுந்திரு, எழுந்திரு" என்று அதை எழுப்பிக்கொண்டே இருந்தான்.

முயல் பூனை மாதிரி பின்னால் வந்து, அழுகிற எல்மரை ஓங்கி ஓர் உதை விட்டது. அந்த அணிலும் அப்படி ஓர் உதை விட்டிருக்கக் கூடாதா!