வலிப்பு மாத்திரையும் திருமணப் பேச்சும்



ஒரு பெண்ணின் திருமணப் பேச்சைக் கலைப்பதற்குப் பெரிய காரணம் எதுவும் வேண்டியதில்லை. அவள் வீட்டு அலமாரியில் வலிப்பு நோய் மாத்திரை இருந்தது என்று யாரேனும் ஒருவர் சொல்லிவிட்டால் போதும். அம்மாத்திரை எதற்காகக் கொடுக்கப்பட்டது, அவளுக்கு வலிப்பு உண்டா இல்லையா என்று விசாரிப்பார் எவருமிலர். என் தங்கை மகளுக்கு இவ்வாறே நேர்ந்தது. இதை எழுதலாமா என்று அவளிடமே கேட்டேன். “பெயரை மட்டும் விட்டுவிடுங்கள் மாமா, மற்றதையெல்லாம் எழுதுங்கள்” என்றாள். எழுதுகிறேன்.

அவளுக்கு இப்போது வயது 23. தையலில் கைதேர்ந்தவள். பதினேழு வயது முதலே அவளுடைய மனநிலை இரு கரைகளுக்கிடையே போய் வருவதைக் கண்டு வந்தோம். சில நாட்கள் நள்ளிரவு கடந்தும் தையல் இயந்திரம் ஓயாது. பேச்சு அருவியாய்க் கொட்டும். மூன்று மணி நேரம் உறங்கினாலும் களைப்பு இராது. வருவோரிடமெல்லாம் துணி வாங்கி வைப்பாள். பிறகு ஒரு வாரமோ இரண்டு வாரமோ தலைவாரவும் மனமின்றிச் சுவரைப் பார்த்துப் படுத்திருப்பாள். வாங்கிய துணிகள் மூட்டையாகவே கிடக்கும். புத்தி பேதலித்ததில்லை; மருத்துவமனையில் சேர்க்க வேண்டிய நிலையும் வந்ததில்லை. ஆதலால் வீட்டார் இதைப் பிடிவாதம் என்றனர். அண்டை வீட்டார் கண்ணேறு என்றனர். ஓதி ஊதிய தண்ணீரும் அருந்தினாள். துஆவை நான் குறை கூறேன். ஆனால் நோய்க்கு மருந்து தேடுமாறு நம்மைப் பணித்தவரும் நம் நபிகளார் (ஸல்) அவர்களே அல்லரோ?

அரசு மருத்துவமனையின் மனநலப் பிரிவுக்கு அவளை அழைத்துச் சென்றேன். மருத்துவர் உடனே மருந்து எழுதிவிடவில்லை. அன்றாட மனநிலையையும் உறங்கிய நேரத்தையும் ஒரு குறிப்பேட்டில் எழுதி வரச் சொன்னார். தைராய்டு சுரப்பியில் கோளாறு உண்டா என இரத்தத்தைச் சோதித்தார். மூன்று மாதங்களுக்குப் பின், இது ‘சைக்ளோதைமியா’ என்றார். மனவெழுச்சியும் மனத்தளர்ச்சியும் இலேசான அளவில், பெரியவர்களுக்கு இரண்டாண்டுகளுக்குக் குறையாமல் மாறி மாறி வருவது இந்நோய். 1882-ஆம் ஆண்டிலேயே கால்பாம் என்ற ஜெர்மானிய மருத்துவர் இப்பெயரைக் கையாண்டிருக்கிறார். அதற்கும் ஓராயிரம் ஆண்டுகளுக்கு முன் பிறந்த நம் அறிஞர் அபூ ஸைத் அல்-பல்கீ, காரணம் தெரிந்த துயரம் வேறு, காரணம் புலப்படாத துயரம் வேறு என்று பிரித்தெழுதியதை வரலாறு படித்தவன் என்ற முறையில் இங்கே நினைவு கூர்கிறேன். மனமும் நோயுறும் என்பதை நம் முன்னோர் அறியாதவரல்லர்.

மருத்துவர் எழுதித் தந்தது ‘லாமோட்ரிஜின்’ என்ற மாத்திரை. மருந்துக் கடையிலிருந்த இளைஞர் சீட்டைப் பார்த்துவிட்டு, “வலிப்பு யாருக்குங்க?” என்று உரக்கக் கேட்டார். பக்கத்தில் எங்கள் தெருக்காரர் ஒருவர் நின்றிருந்தார். பெண் பார்க்க வரவிருந்த வீட்டார் மறுநாளே வரவில்லை என்று சொல்லியனுப்பினர்.

வலிப்பு இல்லாதவளுக்கு வலிப்பு மருந்து ஏன் என்று நீங்களும் கேட்கலாம். 1962-இல் பிரான்சு நாட்டில் பியேர் எமார் என்பவர், எகிப்திய மருந்துச் செடியான கெல்லாவின் சத்தை ஒட்டிய சில சேர்மங்களை ஆராய்ந்தார். அவற்றைக் கரைக்க வால்புரோயிக் அமிலத்தைப் பயன்படுத்தினார். கரைந்த பொருள் எதுவாயினும் வலிப்பு தடைப்படவே, கரைத்த அமிலமே மருந்து என்பது வெளிப்பட்டது! 1966-இல் அந்நாட்டு மருத்துவர் லாம்பேர், அதன் உறவுப் பொருளொன்று மனவெழுச்சி நோயைத் தணிப்பதாக எழுதினார். 1970-களில் ஜப்பானிய மருத்துவர்கள் கார்பமாசிபைன் என்ற மற்றொரு வலிப்பு மருந்திலும் இத்தன்மையைக் கண்டனர். லாமோட்ரிஜின், இருதுருவ மனநோய் மீண்டும் தாக்காமல் காக்கும் மருந்தாக 2003-இல் அமெரிக்காவில் ஏற்கப்பட்டது. அளவு மீறித் துடிக்கும் நரம்பணுக்களை அடக்குவது இம்மருந்துகளின் பொதுவான வேலை. ஒன்றையும் மறைக்கக் கூடாது: இலேசான சைக்ளோதைமியாவுக்கென்றே அந்நாட்டில் ஏற்கப்பட்ட மருந்து எதுவுமில்லை. பெரிய நோயில் கண்ட பலனைக் கொண்டே மருத்துவர்கள் இவற்றைத் தருகின்றனர். ஆகையால் எல்லார்க்கும் மாத்திரை தேவைப்படுவதில்லை. ஒழுங்கான உறக்கமும் மனநல ஆலோசனையும் சிலருக்குப் போதுமானவை.

சம்பந்தம் கலைந்ததும் என் தங்கை, “நிக்காஹ் முடியும் வரை மாத்திரையை நிறுத்தி வைப்போம் காக்கா, யாருக்கும் தெரியாது” என்றாள். தாயின் அச்சம் எனக்குப் புரிந்தது. இருப்பினும் மருத்துவரிடம் கேட்டுச் செய்வோம் என்றேன். அவர் சொன்னதைத் தாய்மார்கள் கவனமாகப் படிக்க வேண்டுகிறேன்.

இம்மருந்தைத் திடீரென நிறுத்தினால் மனநிலை மீண்டும் சாயக்கூடும். வலிப்பே வந்திராதவருக்கும் அரிதாக வலிப்பு வரலாம்! எந்தப் பழிக்கு அஞ்சி நிறுத்துகிறோமோ அதையே நாம் வரவழைத்ததாகும். பல நாட்கள் விடுபட்டபின் பழைய அளவிலேயே தொடங்குவதும் ஆபத்து. முதல் இரு வாரங்கள் 25 மில்லிகிராம், அடுத்த இரு வாரங்கள் 50 என்று படிப்படியாகவே ஏற்றுவது வழக்கம். விரைந்து ஏற்றினால், உயிருக்கே தீங்கான தோல் நோய் தாக்கும் வாய்ப்பு கூடும். தோலில் தடிப்போ, வாயில் புண்ணோ, அவற்றுடன் காய்ச்சலோ கண்டால் அன்றே மருத்துவரைக் காண வேண்டும்.

மற்றொன்று இன்னும் முக்கியமானது. வால்புரோயேட் மருந்தைக் கருவுற்ற பெண் உட்கொண்டால், பத்துக் குழந்தைகளில் ஏறத்தாழ ஒன்றுக்குப் பிறவிக் குறை ஏற்படுகிறது. 100-க்கு 30 முதல் 40 குழந்தைகளின் அறிவு வளர்ச்சி பாதிக்கப்படுகிறது. அதனால்தான் மணமாகவிருக்கும் பெண்ணுக்கு அதைத் தவிர்த்ததாக மருத்துவர் கூறினார். லாமோட்ரிஜின் அவ்வளவு தீங்கற்றது; ஆயினும் கருவுற்ற காலத்தில் இரத்தத்தில் அதன் அளவு குறைவதால் மருத்துவரின் கண்காணிப்பு வேண்டும். இப்போது சொல்லுங்கள்: கணவனுக்கும் மாமியாருக்கும் தெரியாமல் ஒரு பெண் இவற்றையெல்லாம் எப்படிக் கவனித்துக்கொள்வாள்?

ரமளானில் இஃப்தாருக்குப் பின் ஒரு மாத்திரை, ஸஹரில் ஒரு மாத்திரை என மருத்துவரே நேரத்தை மாற்றித் தந்தார். அவள் நோன்பு நோற்றாள், மருந்தும் விடுபடவில்லை. உறக்கம் குலைந்தால் மனம் உயரும் என்பதால், தராவீஹுக்குப் பின் தையல் வேண்டாம் என்று மட்டும் கட்டளை. குறிப்பேட்டில் ஏற்ற இறக்கம் முற்றிலும் மறையவில்லை. ஆனால் மேடுகள் தாழ்ந்தன, பள்ளங்கள் தூர்ந்தன. துணி மூட்டைகள் சொன்ன நாளில் வெளியேறின.

“மறைத்துக் கட்டுகிற நிக்காஹ் எனக்கு வேண்டாம்” என்று அவள் உறுதியாகச் சொல்லிவிட்டாள். பின்னர் வந்த இரண்டு வீட்டாரிடமும் அவள் விருப்பப்படி நானே உள்ளதைச் சொன்னேன். ஒரு வீட்டார் தேநீர் அருந்திவிட்டு எழுந்து போயினர். மற்றொரு வீட்டின் தாயார், “பிள்ளை பெறுகிற காலத்தில் என்ன செய்யச் சொல்கிறார் டாக்டர்?” என்று கேட்டார். பேச்சு இன்னும் முடிவாகவில்லை. ஆயினும், கேட்கத் தெரிந்த ஒரு மாமியாரைக் கண்டோம் என்ற நிறைவு எங்களுக்குண்டு.

அருமைச் சகோதர சகோதரிகளே! உங்கள் வீட்டிலும் இப்படியொரு மகளோ மகனோ இருக்கக்கூடும். கொழுப்பு என்று ஏசாதீர்கள். மருத்துவரிடம் செல்லத் தயக்கமானால், 14416 என்ற அரசின் மனநல உதவி எண்ணில் கட்டணமின்றிப் பேசலாம். பெண் பார்க்கச் செல்லும் வீட்டில் மாத்திரை அட்டை ஒன்று கண்ணில் பட்டால், தெருவில் போய்ச் சொல்லாதீர்கள். எதற்காக என்று அப்பெண்ணிடமே கனிவாகக் கேளுங்கள். விடை சொல்ல அவளுக்குத் தெரியும்.