காதிலிருந்து வயிறு வரை

காது குடையும்போது சிலருக்குத் திடீரென்று இருமல் வரும். குச்சி பட்டது காதுத் துவாரத்தில், இருமுவதோ தொண்டை. வேகஸ் என்ற நரம்பு செய்கிற வேலை அது. மூளைத்தண்டில் புறப்பட்டு, காதுக்கு ஒரு கிளை, குரல்வளைக்கு ஒரு கிளை கொடுத்துவிட்டு, இதயம், நுரையீரல், இரைப்பை என்று வயிறு வரை இறங்குகிறது. கேட்கிற உறுப்பையும் பேசுகிற உறுப்பையும் துடிக்கிற உறுப்பையும் ஒரே நரம்பு தொட்டுக்கொண்டு போகிறது என்பதைப் படித்த நாளிலிருந்து, எந்தப் பாட்டைக் கேட்டாலும் எனக்கு அந்த ஞாபகம் வந்துவிடுகிறது.

கற்பனை உலகக் கதைகள் சிலவற்றில், சத்தத்தின் வழியே ஒருவர் மனம் இன்னொருவர் மனத்தோடு சேர்வதற்கென்றே உடம்பில் ஒரு தனி உறுப்பைப் படைக்கிறார்கள். ஆசையாகப் படிப்பேன். ஆனால் ஒலிக்கென்று ஓர் உடம்பை நம்மவர்கள் எப்போதோ வரைந்துவிட்டார்கள். தொல்காப்பியர் பிறப்பியலில், உந்தியிலிருந்து எழும் காற்று தலை, மிடறு, நெஞ்சு ஆகிய மூன்றில் நின்று, பல், இதழ், நாக்கு, மூக்கு, அண்ணம் ஆகிய ஐந்தோடு சேர்ந்து எழுத்தாகப் பிறக்கிறது என்று எட்டு இடம் சொல்கிறார். உள்ளே எழும் காற்றின் இசையை அளப்பது அந்தணர் மறையின் பாற்பட்டது, வெளியே வந்து ஒலிப்பதன் அளவையே நான் சொன்னேன் என்று எல்லை கட்டியும் வைக்கிறார். இலக்கண ஆசிரியருக்கு இருக்கவேண்டிய அடக்கம் இதுதான் என்று நினைக்கிறேன்.

அவர் விட்ட இடத்துக்குள் துணிந்து புகுந்தவர் சார்ங்கதேவர். 13ஆம் நூற்றாண்டில், தேவகிரி யாதவ அரசன் சிங்கணனின் அவையில் இருந்து ‘சங்கீத ரத்னாகரம்’ எழுதியவர். இசை நூலின் தொடக்கத்திலேயே கரு உருவாவதையும் சக்கரங்களையும் நாடிகளையும் விவரிக்கிறார். நெஞ்சில் 22 நாடிகள் குறுக்கே ஓடுகின்றன, காற்று அவற்றில் மோத, ஒன்றைவிட ஒன்று உயர்ந்து 22 சுருதிகள் பிறக்கின்றன. மிடற்றிலும் தலையிலும் அப்படியே. மந்தரம் என்ற கீழ் ஸ்தாயி நெஞ்சில், மத்தியம் மிடற்றில், தாரம் என்ற மேல் ஸ்தாயி தலையில். தியாகராஜரும் ஜகன்மோகினியில் அமைந்த ‘சோபில்லு சப்தஸ்வர’ கீர்த்தனையில் நாபி, இதயம், கண்டம், நாக்கு, நாசி என்று இதே வழியில்தான் ஸ்வரங்களைத் தேடிப் போகிறார்.

உடம்பை அறுத்துப் பார்த்தால் அந்த 22 நாடிகள் கிடைக்காது. ஆனால் கீழ் ஸ்தாயியில் ஒரு ஸ்வரத்தை நீட்டிப் பிடித்து நெஞ்சில் கை வைத்துப் பாருங்கள், எலும்பு அதிர்வது உள்ளங்கைக்குத் தெரியும். மேலே போகப் போக அந்த அதிர்வு தலைக்கு ஏறும். பாடுகிறவர்கள் உள்ளே உணர்ந்ததை வைத்து வரைந்த படம் அது. அந்த அளவில் அதை நான் முழுமனதோடு நம்புகிறேன்.

ஒரே ஒரு குறை. அந்தப் படத்தில் பாடுகிறவர் மட்டும்தான் இருக்கிறார். கேட்கிறவருக்கு இடமில்லை.

அந்த இடம் எங்கே இருக்கிறது என்று எனக்குக் காட்டியது வெம்பாக்கம் வட்டம். இந்த வட்டத்து மாமண்டூரில் மகேந்திரவர்மன் குடைந்த குகைக் கோயில் இருக்கிறது. அங்கே சிதைந்து கிடக்கும் கல்வெட்டில் ‘மத்தவிலாச’ நாடகத்தின் பெயரும் இசையைப் பற்றிய பேச்சும் வருகின்றன. ஆனால் எனக்குப் பாடம் சொன்னது அந்தக் கல் அல்ல, தறி. ஆரணிப் பட்டு, காஞ்சிப் பட்டு என்று வெளியூர் போய் விலையாகிற சேலைகள் இந்தப் பக்கத்து வீடுகளில் நெய்யப்படுகின்றன. கோர்வைச் சேலை என்றால் உடலும் கரையும் வேறு வேறு நாடாவில் ஓடும். தறிக்கு இரண்டு பேர் வேண்டும். நெசவாளர் மிதியை அழுத்தி நாடாவை விட, கரைப் பக்கம் உட்கார்ந்திருப்பவர் தன் நாடாவைத் தள்ள, பலகை வந்து அடிக்கும். இருவரும் முகத்தைப் பார்த்துக்கொள்வதே இல்லை. “சத்தம் மாறினா கை தானா நின்னுடும்ணே” என்றார் ஒரு நெசவாளர், கண்ணைத் தறியிலிருந்து எடுக்காமலே.

அதே கைகள் பாரதக் கூத்து நடக்கும் இரவில் களரிக்கு முன்னால் பாயில் உட்கார்ந்திருக்கும். திரௌபதி அம்மன் கோயில்களில் பகலில் பிரசங்கியார் கதை சொல்வார், இரவில் கூத்து, கடைசியில் படுகளம், தீமிதி. செய்யாறு பக்கத்துப் புரிசையில் கண்ணப்பத் தம்பிரான் பரம்பரை வளர்த்த கலை இது. சென்னையிலிருந்து நாடகக்காரர் ந. முத்துசாமி தேடி வந்து நின்றதும் அங்கேதான். முதலில் மேளக்கட்டு. மிருதங்கம், டோலக், தாளம், ஆர்மோனியம் எல்லாம் சேர்ந்து முழங்க, அவற்றுக்கு மேலே முகவீணை ஏறும். நாகசுரத்தைவிடக் குட்டையான குழல். ஊதுகிறவரின் கன்னம் இரண்டும் உப்பி, கழுத்து நரம்பு புடைத்து நிற்கும். அந்த உச்சத்துக்குத்தான் வேடக்காரர் குரலைக் கொண்டுபோக வேண்டும். அவர் விட்ட அடியைப் பின்பாட்டுக்காரர்கள் வாங்கித் திருப்பித் தருவார்கள். துகிலுரிதல் அன்று, துச்சாதனன் சேலையில் கை வைக்கும்போது, கூட்டத்தில் யாருக்காவது சாமி வந்துவிடும். சில நேரம் வேடக்காரருக்கே வரும். கற்பூரம் ஏற்றி, வேப்பிலை கொடுத்து மலையேற்றுவார்கள். நான் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். நடிப்பென்று சொல்ல வாய் வராது. முகவீணை ஏறிய அந்த நொடியில் என் வயிறும்தான் இறுகியது.

கேட்கிறவர் இப்படிச் சொல்கிறவரோடு பிணைவதை 2010இல் நரம்பியல் ஆய்வாளர் யூரி ஹாசன் குழுவினர் அமெரிக்காவில் சோதித்துப் பார்த்தார்கள். கதை சொல்கிறவரின் மூளை இயக்கத்தையும் கேட்கிறவரின் மூளை இயக்கத்தையும் பதிவு செய்து பொருத்தினார்கள். கேட்கிறவரின் மூளை சிறிது பின்தங்கி, சொல்கிறவருடையதைப் பின்தொடர்ந்து வந்தது. சில பகுதிகளில் முந்தியும் ஓடியது. தெரியாத மொழியில் கதை சொன்னபோது அந்த ஒத்திசைவு காணாமல் போனது. 2013இல் ஸ்வீடனில் பியோர்ன் விக்ஹாஃப் குழுவினர், சேர்ந்து பாடுகிறவர்களின் இதயத் துடிப்பு ஒன்றாகக் கூடிக் குறைவதைக் கண்டார்கள். சேர்ந்து பாடினால் மூச்சு ஒன்றாகிறது, மூச்சு வேகஸ் வழியே இதயத்தை இழுக்கிறது. கூத்து நடக்கும் இந்தப் பக்கத்தில் பாரதம் ஊருக்கே மனப்பாடம். அடுத்த அடி என்னவென்று கிழவிகளுக்குத் தெரியும், அவர்கள் மனம் வேடக்காரருக்குச் சற்று முன்னால் ஓடுகிறது. ஒலியின் உடற்கூறில் பாதி கேட்கிறவரிடம் இருக்கிறது என்று நான் துணிந்து சொல்வது இதனால்தான்.

இப்போது பல ஊர்களில் களரிக்குப் பக்கத்தில் ஆளுயரப் பெட்டி ஸ்பீக்கர்களை அடுக்குகிறார்கள். முகவீணைக்குப் பதில் கீபோர்டும் வந்துவிட்டது. பின்பாட்டுக்காரரின் மூச்சு எங்கே என்று தேட வேண்டியிருக்கிறது. விழாக் கமிட்டி நடத்துகிற அண்ணன்மார் பெட்டிகளில் பாதியையாவது குறைத்து, முகவீணைக்காரருக்குப் பேசிய கூலியை முதலில் கையில் கொடுத்துவிடுங்கள். கேட்க வருகிறவர்கள் நாற்காலியைத் தூரத்தில் போட்டுக்கொள்ளாமல் முன்னால் வந்து, வாத்தியக்காரர்கள் பக்கமாக, பாயில் உட்காருங்கள். விடியும்வரை எழுந்திருக்காதீர்கள்.